தயிர்சாதம் தின்னாத குட்டி

நீலமேகம் துண்டுக்குள் எதையோ பொத்திக்கொண்டு வந்து அம்மாவின் அறை வாசலில் நின்றார். காலைப் பூஜை முடிந்து அரை மணி நேரம் ஆகியிருந்தது.

ஆசிரமத்தில் எல்லோருக்கும் குரு அந்த அம்மாதான். வயது நாற்பத்தெட்டு. சீடர் நீலமேகத்துக்கு அறுபத்திரண்டு. முப்பது வருடம் அரசாங்கப் பொறியாளராக இருந்து பாலங்கள் கட்டியவர். மனைவி இறந்த மறு வருடம் ஞானம் தேடி வந்து சேர்ந்தார். ஒரு பாலத்துக்கு எத்தனை டன் கம்பி வேண்டும் என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வார். கஞ்சி வைக்கத் தெரியாது.

"என்ன துண்டுக்குள்ளே?"

"குட்டி, அம்மா. கடைசிக் குட்டி."

விறகுக் கொட்டகையில் ஒரு சாம்பல் பூனை நாலு குட்டி போட்டிருந்தது. ஆறு வாரம் ஆகிறது. இந்த ஒரு வாரத்துக்குள் மூன்று செத்துப்போயின. குழி தோண்டியவர் நீலமேகம்தான்.

"எதையும் தின்ன மாட்டேங்குது, அம்மா. தயிர்சாதம் குழையப் பிசைஞ்சு வெச்சேன். பருப்பு சாதத்துல நெய் விட்டு வெச்சேன். ரொட்டியைப் பால்ல ஊற வெச்சேன். பாலை மட்டும் நக்கிச்சு. அதுவும் வயித்தாலே போயிடுச்சு. இதை எப்படித்தான் தின்ன வைக்கிறது?"

அம்மா துண்டை விலக்கினார். குட்டியின் உதட்டை விரல்நுனியால் தூக்கிப் பார்த்தார். பல் இருந்தது. நொய்யரிசி போலச் சின்னதாக, கூராக.

"பல் முளைச்சாச்சே. தாய் எங்கே?"

"வர்றதில்லை. ஒன்பது நாளாச்சு."

"அதுக்கு முன்னாடி?"

"வந்துக்கிட்டுதான் இருந்தது. தினம் எதையாவது கவ்விக்கிட்டு வரும். ஒரு நாள் எலி. ஒரு நாள் ஓணான். குட்டிங்க முன்னாடி போட்டுட்டு, தொண்டைக்குள்ளேயே ஒரு மாதிரி கூப்பிடும்."

"குட்டிங்க தின்னுதா?"

"விடுவேனா? உடனே பிடுங்கிடுவேன். ஆசிரமத்துல உயிர்க்கொலை கூடாதில்லையா? உயிர் இருந்தா வேலிக்கு அந்தப் பக்கம் விட்டுடுவேன். செத்திருந்தா புதைச்சுட்டு இடத்தைக் கழுவி விடுவேன். மொத்தம் பதினொண்ணு. அதுல நாலு பிழைச்சது. அந்த அணில்கூட..."

அணில் விஷயம் ஆசிரமம் முழுக்கத் தெரியும். அது பிழைத்த அன்று, சத்சங்கத்தில் அம்மா நீலமேகத்தை எழுந்து நிற்கச் சொன்னார். "கருணைன்னா என்னன்னு புஸ்தகத்துல தேடாதீங்க, இவரைப் பாருங்க" என்றார். கூட்டம் கைதட்டியது. நீலமேகத்துக்கு அன்று இரண்டு வாய் சோறு கூடுதலாக இறங்கியது.

அம்மா குட்டியைத் துண்டால் மறுபடி போர்த்தினார்.

"சரி. அப்புறம் ஏன் வராமப் போச்சு?"

"விரட்டிட்டேன்."

"எதுக்கு?"

"பால் குடிக்க வந்த குட்டியை அறைஞ்சது, அம்மா. என் கண்ணாலே பார்த்தேன். மடியில வாய் வெச்சா சீறுது, எட்டி உதைக்குது. இதெல்லாம் ஒரு தாயான்னு எனக்கு ஆத்திரம் தாங்கலை. ஈர்க்குமாத்தை எடுத்துக்கிட்டு ஓட ஓட விரட்டினேன். மறுபடி வந்தது. மறுபடி விரட்டினேன்."

"உங்க வீட்டுல குழந்தைக்குப் பால் மறக்கடிச்சதைப் பார்த்திருக்கீங்களா? ரெண்டு பெத்தாங்களே, உங்க சம்சாரம்."

"அதெல்லாம் அவ பார்த்துக்கிட்டா. நான் சைட்டுல இருப்பேன்."

"வேப்பிலையை அரைச்சுத் தடவிக்குவாங்க. குழந்தை வாயை வெச்சுட்டு வீல்னு கத்தும். பக்கத்துலயே உக்காந்து அவங்களும் அழுவாங்க." அம்மா எழுந்தார். "நீங்க சைட்டுல இருந்தது நல்லதாப் போச்சு. இருந்திருந்தா அன்னிக்கும் ஈர்க்குமாத்தைத் தேடியிருப்பீங்க."

நீலமேகம் துண்டுக்குள் குனிந்து பார்த்தார்.

"அப்போ அது கொண்டு வந்ததெல்லாம்..."

"நடங்க. ஆத்தங்கரைக்குப் போகணும்."

ஆசிரம வாசலிலிருந்து கூப்பிடு தூரத்தில் சூசையம்மாள் மீன் விற்றுக்கொண்டிருந்தாள். காவிப் புடவையைக் கண்டதும் கூடையைத் தட்டால் மூடினாள்.

"என்ன தாயி, பாதை மாறி வந்துட்டீங்களா?"

"இல்லைம்மா. சின்னக் கெண்டையா ஒண்ணு குடு."

"அடி ஆத்தா! யாருக்கு?"

அம்மா துண்டைக் காட்டினார்.

"இதுக்கா? ஒரு வார்த்தை சொல்லி அனுப்பியிருந்தா தினம் ரெண்டு தலையைச் சும்மாவே போட்டிருப்பேனே! உங்க மதில் பக்கத்திலேருந்து ஒரு சாம்பல் பூனைகூட வரும், மடி தொங்கிப்போய். நான் போடுற தலையை ஒரு நாளாச்சும் இங்கேயே தின்னுதுங்கிறீங்க? கவ்விக்கிட்டு உங்க மதில் மேலே ஏறும். யாரோ துரத்தின மாதிரி அதோடயே திரும்பி ஓடி வரும். பாவி எவனோ. ஒரு வாரத்துக்கு மேலே ஆச்சு, அதையும் காணோம்."

நீலமேகம் ஆற்றைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

மீனோடு திரும்பியபோது சமையற்கட்டைக் கவனிக்கும் கோமதி வாசலை மறித்தாள்.

"அம்மா, நைவேத்தியம் பண்ற அடுப்பு!"

"உன் அடுப்பு உன்கிட்டேயே இருக்கட்டும். வெளியே மூணு கல்லை வை."

"அதுக்கில்லை, யாராவது பார்த்தா..."

"பார்க்கட்டும். அவங்களுக்கும் கண்ணு இருக்கில்லை?"

அம்மா சாம்பலைத் தொட்டுக்கொண்டு கல்லில் மீனை உரசிச் செதிலெடுத்தார். வயிற்றைக் கீறிக் குடலை வழித்தெறிந்தார். துறவு வாங்கி இருபது வருடம் ஆகிறது. கை எதையும் மறந்திருக்கவில்லை. உப்பில்லாமல் வேகவைத்தார். முள்ளை ஒவ்வொன்றாக எடுத்தார். சதையை மசித்து இலையில் வைத்து நீலமேகத்தின் முன்னால் நகர்த்தினார்.

"ஊட்டுங்க."

"நானா? அம்மா, நான் விரதம் எடுத்திருக்கேன். தொடறதில்லைன்னு..."

"நான் எடுக்கலையா?"

நீலமேகம் மீனைத் தொட்டார். மிளகளவு எடுத்துக் குட்டியின் மூக்கருகே பிடித்தார்.

மூக்கு அசைந்தது. கண் திறந்தது. தலை தானாக நிமிர்ந்தது. குட்டி அவர் விரலோடு சேர்த்துக் கடித்தது. ரத்தம் துளிர்த்தது. அதன் தொண்டைக்குள்ளிருந்து ஓர் உறுமல் வந்தது. உள்ளங்கையளவு உடம்பு, யாருக்கும் தரமாட்டேன் என்று உறுமியது.

"தின்னுது, அம்மா! கோமதி, இங்கே வந்து பாரு, தின்னுது!"

கோமதி கதவருகிலேயே நின்றாள். புடவைத் தலைப்பு அவள் வாயில் இருந்தது.

முதல் துணுக்கு இறங்கியது. இரண்டாவதும் இறங்கியது. மூன்றாவதைக் குட்டி வாயில் வைத்துக்கொண்டே இருந்தது. விழுங்கவில்லை. நீலமேகம் அதன் தொண்டையைத் தடவிக் கொடுத்தார். ஒரு சொட்டு வெந்நீர் விட்டார். தண்ணீர் கடைவாய் வழியே வழிந்தது.

"இன்னும் கொஞ்சம்டா. இன்னும் ஒரே ஒரு வாய். என் ராஜா இல்லே?"

தன் இரண்டு பிள்ளைகளுக்கும் அவர் இப்படி ஊட்டியதில்லை.

மதியச் சாப்பாட்டு மணி அடித்தபோது துண்டு அசையவில்லை. மீன் துணுக்கு குட்டியின் பல்லுக்கிடையில் அப்படியே இருந்தது. அதை எடுக்கலாமா விடலாமா என்று தெரியாமல் நீலமேகம் வெகுநேரம் விழித்தார். கடைசியில் விட்டுவிட்டார்.

நாலாவது குழியையும் அவரே தோண்டினார். மற்ற மூன்றுக்கும் பக்கத்தில். திரும்பி வந்தபோது கையில் மண்ணிருந்தது. அம்மா கிணற்றடியில் உட்கார்ந்து விரல்களில் புளியைத் தேய்த்துக் கழுவிக்கொண்டிருந்தார். மீன் வாடை லேசில் போகாது.

"நான் எதையும் கொல்லலை, அம்மா."

"ஆமா."

"காப்பாத்தணும்னுதான் எல்லாம் பண்ணினேன்."

"ஆமா."

"பெரிசா ஒண்ணும் கேக்கலை. மன்னிச்சேன்னு ஒரே ஒரு வார்த்தை. நீங்க சொன்னாப் போதும். நான் இன்னிக்குத் தூங்கிடுவேன்."

அம்மா கையை முகர்ந்து பார்த்தார். மறுபடியும் புளியை எடுத்தார்.

"சத்சங்கத்துல உங்களை எழுப்பி நிக்க வெச்சுக் கைதட்ட வெச்சது நான். மன்னிப்பு கேக்குற வரிசையில நீங்க முன்னாடி நில்லுங்க, நீலமேகம். நான் உங்களுக்குப் பின்னாடி நிக்கிறேன். யாராவது குடுத்தா, எனக்கும் சேர்த்துக் கேளுங்க."