மொடமொடத்த துண்டு

தூத்துக்குடி ஓட்டல் ஒன்றில் ஜெரால்டுதான் தலைமைச் சமையல்காரர். நண்டையும் பூசணியையும் வதக்கி, மேலே கெட்டியான வெள்ளை சாஸ் ஊற்றி, "சீமை இலையுதிர்காலத்துப் பூசணியும் நம்மூர்க் கடல் நண்டும் ஒரே தட்டில்! மாவு துளிகூடக் கிடையாது" என்று முதலாளிக்குத் தினமும் முதல் தட்டாக வைப்பார். சர்க்கரை நோய்க்காரரான முதலாளியும் நம்பிச் சாப்பிட்டார். சர்க்கரை ஏறிக்கொண்டே போனது.

"அதுல மாவு இருக்கு முதலாளி" என்றாள், மேசைத் துண்டுகளைத் துவைக்கும் செங்கமலம்.

"வாயில வச்சே பாக்காதவளுக்கு எப்படித் தெரியும்? நிரூபிச்சுக் காட்டு. இல்லன்னா நாளையிலேர்ந்து வேலைக்கு வராதே" என்றார் ஜெரால்டு.

செங்கமலம் ஒரு துண்டால் மீன்குழம்புச் சட்டியைத் துடைத்தாள், இன்னொன்றால் சாஸ் சட்டியை. தனித்தனியாக அலசி வெயிலில் போட்டாள். மத்தியானம் எடுத்தபோது குழம்புத் துண்டு துவண்டு தொங்கியது. சாஸ் துண்டோ கஞ்சி போட்ட வேட்டி மாதிரி விறைத்து நின்றது.

"சோளமாவு... கொஞ்சம்தான்" என்று முனகினார் ஜெரால்டு.

முதலாளி செங்கமலத்திடம் திரும்பினார். "இத்தனை நாள் ஏன் சொல்லலை?"

"நீங்க சாஸ் வாயைத் துடைச்ச துண்டை, கஞ்சியே போடாம அலசித் தினமும் உங்க கையிலதான் கொடுத்தேன் முதலாளி. மொடமொடன்னு இருக்கு, நல்ல சலவைன்னு பாராட்டினீங்க."