ஒரு கிடாவுக்கு இரண்டு சாட்சி

செம்மலைக்கோட்டை ஆற்றுத்துறைக்கு மணியக்காரராக இருந்தவர் உலகளந்தார். கல்யாண வீட்டில் தாம்பூலம் கொடுத்தால், வீட்டில் இருக்கும் பெரியம்மாவுக்கு என்று இன்னொன்று கேட்டு வாங்குவார். பெரியம்மா போய்ச் சேர்ந்து மாமாங்கம் ஆகியிருக்கும்.

அவரிடம் ஓடம் விட அனுமதி கேட்டுப் போனான் வேலாண்டி. மணியக்காரர் அவன் முகத்தைப் பார்க்கவில்லை, அவன் வளர்த்த கிடாவைப் பார்த்தார். கிடா கைமாறியது. மறுநாளே குழம்பாகி ஏப்பமாகவும் ஆகிவிட்டது. அனுமதி மட்டும் வரவில்லை. வயிறெரிந்த வேலாண்டி அரசர் விசயகண்டரிடம் முறையிட்டான்.

அங்கேதான் வந்தது வினை. அதிகாரி கைநீட்டி லஞ்சம் வாங்கினார் என்று சொன்னால் கண்ணால் கண்ட சாட்சி இரண்டு வேண்டும். இல்லாவிட்டால் புகார் சொன்னவனின் பிழைப்புக்கே தீ வைத்துவிடுவார்கள். நல்ல சட்டம் போங்கள். வேலாண்டியின் ஓடத்தைக் காவலர்கள் இழுத்து வந்து அரண்மனை வாசலில் கவிழ்த்து, பக்கத்தில் விறகும் அடுக்கியாயிற்று. துறையில் இருந்தவர்களுக்கெல்லாம் அன்றைக்கென்று கண்வலியாம். ஒருவரும் எதையும் பார்க்கவில்லை.

"சாமி, ஓடம் போச்சுன்னா எம் புள்ளைங்களுக்குக் கஞ்சி கிடையாது" என்று அழுதான் வேலாண்டி. அரசரின் மதியூகி தாண்டவருக்கு மனசு தாங்கவில்லை.

சாட்சி சொல்ல வருபவருக்கு அன்றைய வேலை கெடுகிறதே என்று சாட்சிப்படி கொடுப்பது அந்தச் சபையின் வழக்கம். ஆளுக்கு ஒரு பட்டு வேட்டி, ஒரு குடம் பசுநெய். இரண்டு பேருக்கானதும் தயாராக இருந்தது. தாண்டவர் உலகளந்தாரைக் கவனித்தார். வழக்கு அவர் தலைமேல், கண்ணோ நெய்க்குடத்தின் மேல்.

"சாட்சி எங்கே, தாண்டவரே?" என்றார் அரசர்.

"கண்டவர் ஒருவர் இருக்கிறார் அரசே. வாய் திறக்கமாட்டார். படியை உள்ளே உக்கிராண அறைக்கே அனுப்பிவிடலாம்."

காவலர்கள் குடத்தைத் தூக்கினார்கள்.

"கொஞ்சம் பொறுங்க" என்றார் உலகளந்தார். "யார் சாட்சி சொன்னாலும் படி உண்டா?"

"கண்ணால் கண்டவர் யாராயினும் உண்டு" என்றார் தாண்டவர்.

உலகளந்தார் கணக்குப் போட்டார். ஒற்றைச் சாட்சி செல்லாது, தலை தப்பும். நெய் லாபம்.

"அப்படின்னா நான் பாத்தேன்" என்றார். "இவன் கிடாவைக் கொண்டாந்தான். மணியக்காரர் வாங்கினார். நல்ல கொழுத்த கிடா."

அவர் பட்டு வேட்டியை அங்கேயே உடுத்திக்கொண்டார். குடத்தை மடியில் வைத்துக்கொண்டு, "ஒரு சாட்சி செல்லாதுங்க அரசே" என்று அவரே ஞாபகப்படுத்தினார்.

"ஆமாம், என்ன செய்வது" என்று பெருமூச்சு விட்டார் தாண்டவர். "அந்த இன்னொரு குடத்தையாவது உள்ளே கொண்டுபோங்கள். மூடியைத் திறந்தே கொண்டுபோங்கள், கெட்டுப்போயிருக்கிறதா பார்க்கலாம்."

திறந்த குடம் உலகளந்தாரின் மூக்கைத் தாண்டிப் போனது. அவர் மடியிலிருந்த குடத்தை இறக்கி வைத்துவிட்டு எழுந்தார். கிழக்கு வாசல் வழியாக வெளியே ஓடினார். கண்மூடித் திறப்பதற்குள் தலைப்பாகையைக் கழற்றிக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு மேற்கு வாசல் வழியாக உள்ளே வந்தார்.

"நான் ரெண்டாவது சாட்சிங்க" என்றார்.

அரசருக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. "நீர் எங்கே இருந்து பார்த்தீர்?"

"மணியக்காரர் கூடவேதான் இருந்தேன். அவரை விட்டு இம்மிகூட நகரலை."

அரசர் விழுந்து விழுந்து சிரித்தார். மணியக்காரரைச் சிறைக்கு அனுப்பினார். வேலாண்டிக்கு ஓடமும் அனுமதியும் ஒரு கிடாவும் கிடைத்தன. தாண்டவருக்குத் தம் கழுத்திலிருந்த முத்துமாலையையே கழற்றிப் போட்டார்.

"ஆனாலும் தாண்டவரே, இந்தச் சாட்சிகளை நம்பலாமா?"

"தாராளமாக நம்பலாம் அரசே. இரண்டு சாட்சிகள் இவ்வளவு ஒத்துப்போய் நம் சபையில் நான் பார்த்ததே இல்லை."