ஏட்டுக்கிணற்றின் ஒன்பதாம் கயிறு

மலைகள் நடக்கும் நாட்டில் ஏட்டுக்கிணறு என்று ஒன்று இருந்தது. தண்ணீர் இல்லாத கிணறு. அடியில், சுவர் முழுக்க மாடம் மாடமாக ஓலை ஏடுகள். எந்த நட்சத்திரம் எப்போது அணையும், கடல் எந்த நாளில் எழும்பும், யார் எப்போது எப்படிப் போவார்கள், எல்லாம் அவற்றில் எழுதியிருந்தது. மனிதர் கண்ணில் படவே கூடாது என்று தேவர்கள் ஒளித்து வைத்தவை.

வருஷத்துக்கு ஓர் ஏட்டுக்கு மட்டும் அனுமதி உண்டு. மழைக்கு முன்னால் ஓர் ஆள் இறங்கி, அந்த வருஷம் எந்த மலை எந்தப் பக்கம் நகரும் என்று படித்துவிட்டு வர வேண்டும். வழியில் இருக்கும் ஊர்கள் அதற்குள் மூட்டை கட்டிக்கொள்ளும். மேலே இன்னொருவர் கயிற்றைப் பிடித்துக்கொண்டு ஒரு கற்பூரத் துண்டைக் கொளுத்தி வைப்பார். அது அணைந்ததும் இழுத்துவிட வேண்டும். சட்டம் அவ்வளவுதான்.

பதினோரு வருஷமாக இறங்குகிறவள் கொற்றி. பதினோரு வருஷமாகக் கயிறு பிடிக்கிறவன் செங்கோடன்.

இதில்தான் செங்கோடனுக்கு வயிறு எரிந்தது. அவளுக்கு அந்தப் பழைய எழுத்தைச் சொல்லிக் கொடுத்ததே அவன். மூவாயிரம் நட்சத்திரத்தின் பெயரும் அவனுக்கு அத்துப்படி. அவளோ கிழக்கு எது என்று கேட்டால்கூட ஒரு கணம் யோசிப்பாள். ஆனாலும் இறங்குவது அவள்தான். தலையில் ஒட்டடையோடு மேலே வந்து, மூன்று நாள் தனக்குள்ளேயே சிரித்துக்கொண்டு காய் நறுக்குவாள். என்ன பார்த்தாய் என்று கேட்டால், "சொல்லக் கூடாதுல்ல அண்ணே" என்பாள். அந்த 'அண்ணே' அவனுக்கு இன்னும் எரியும்.

வெளியே பார்த்தால் ஒன்றும் தெரியாது. கிணற்றைக் காக்கும் மடத்தில் யாருக்குக் காய்ச்சல் வந்தாலும் கஷாயம் வைப்பவன் அவன். இருவர் முறைத்துக்கொண்டால் நடுவில் போய் உட்கார்ந்து சிரிக்க வைப்பவனும் அவன்தான்.

இந்த வருஷம் அவனால் பொறுக்க முடியவில்லை. ஆசான் தித்தனிடம் நேராகப் போய் நின்றான். ஆசானுக்கும் அவனுக்கும் வயதில் இரண்டு மாதம்தான் வித்தியாசம். அதிலும் செங்கோடனே மூத்தவன். அதுவும் ஒரு குறை அவனுக்கு.

"ஆசானே, ஏன் எப்பவும் அவளே எறங்குறா?"

ஆசான் கீரை ஆய்ந்துகொண்டிருந்தார். "பயமில்லாம எறங்குறா."

"எனக்கும் பயமில்ல."

"தெரியும்."

"அவளவிட நான் நல்லாப் படிப்பேன்."

"அதுவும் தெரியும்."

"அப்புறம் என்ன?"

"நாளைக்கும் கயித்த நீயே புடி. முடிச்சுட்டு வந்து கேளு."

மறுநாள் காலையில் கொற்றியின் இடுப்பில் இரண்டு முடிச்சுப் போட்டு இறக்கினான். கற்பூரத்தைக் கொளுத்தினான். அது பாதி எரிந்திருக்கும்போது கீழிருந்து குரல் வந்தது.

"அண்ணே! நம்ம ஏட்டப் படிச்சாச்சு. பக்கத்து ஏடு பிரிஞ்சு கெடக்கு. சூரியன் எப்படிப் பொறந்துச்சுன்னு போட்டிருக்கு. இன்னொரு கற்பூரம் கொளுத்துங்கண்ணே!"

அவன் மடியில் இன்னொரு துண்டு இருந்தது. எடுக்கவில்லை.

"ஒரே ஒரு ஏடுண்ணே! ஒங்க கால்ல விழுறேன்!"

அழுதாள். அவள் அழுது அவன் கேட்டதே இல்லை.

சூரியன் எப்படிப் பிறந்தது? இந்தக் கேள்வியைத் தூக்கிக்கொண்டுதான் அவன் பதினெட்டு வயதில் வீட்டை விட்டு வந்தான். பதில் இப்போது அவள் கண்ணுக்கு எதிரே கிடக்கிறது. இவன் கையில் கயிறு. அந்தக் கயிறு விட்டு விட்டு ஆடியது. தீ ஒருமுறை படபடத்து அணைந்தது.

"நான் பாக்காதத நீயும் பாக்க வேணாம்" என்று வாய்விட்டே சொல்லிவிட்டு, பலம் கொண்ட மட்டும் இழுத்தான்.

முழங்கால் சிராய்த்து, கண்ணெல்லாம் சிவந்து மேலே வந்தாள் கொற்றி. "பாவி! கல்நெஞ்சுக்காரன்!" என்று அவன் மார்பில் குத்தினாள். தரையில் உட்கார்ந்து தேம்பினாள். நெடுநேரம் கழித்துத்தான் படித்ததைச் சொன்னாள்.

"மேக்குக் குன்னு. தெக்கால நாப்பது அடி."

குன்றுக்குத் தெற்கே இருநூறு வீடுகள் இருந்தன. ஆள் ஓடியது. சாயங்காலத்துக்குள் அந்த ஊர் ஆடு மாடுகளோடு நகர ஆரம்பித்தது.

செங்கோடன் கயிற்றைச் சுருட்டி எடுத்துக்கொண்டு ஆசானிடம் போனான். முகத்தைப் பார்க்க முடியவில்லை.

"ஆசானே, கேக்குறதுக்கு வரல. ஒத்துக்க வந்தேன். நான் சட்டத்துக்காக இழுக்கல. பொறாமையில இழுத்தேன். அவ ஒரு வரி அதிகமாப் படிக்கிறதக்கூட என்னால தாங்க முடியல. எல்லா வருஷமும் அப்படித்தான்."

ஆசான் கயிற்றை வாங்கி நுனியைப் பார்த்தார்.

"எத்தன முடிச்சுப் போட்ட?"

"ரெண்டு."

"ஒண்ணுதான் இருக்கு."

செங்கோடன் குனிந்து பார்த்தான். ஒரு முடிச்சு முழுதாக அவிழ்ந்திருந்தது. இன்னொன்று பாதி தளர்ந்திருந்தது. கயிறு ஏன் ஆடியது என்று அப்போதுதான் புரிந்தது. கீழே அவளே அவிழ்த்துக்கொண்டிருந்திருக்கிறாள்.

ஆசான் பரண்மேல் ஏறி எட்டுக் கயிறுகளை இறக்கி ஒவ்வொன்றாகக் கீழே போட ஆரம்பித்தார்.

"இது ஒரு அம்மா புடிச்சது. மகன் கெஞ்சுனான், இன்னொரு கற்பூரம் கொளுத்துனா. இது ஒரு புருஷன் புடிச்சது. இது உயிர்த் தோழன். இன்னொண்ணு, இன்னொண்ணுன்னு எல்லாரும் குடுத்தாங்க. அவுத்துவிட்டுட்டு உள்ள போனவங்க வரல. அந்தந்த வருஷத்து ஏட்டையும் யாரும் வந்து சொல்லல."

கடைசிக் கயிற்றை மட்டும் அவர் கையிலேயே வைத்துக்கொண்டிருந்தார்.

"இது நான் புடிச்சது. என் தங்கச்சி."

செங்கோடன் குனிந்து கீழே கிடந்த கயிறுகளை ஒவ்வொன்றாகச் சுருட்டி வைத்தான். ஆனாலும் ஆசை விடுமா? தொண்டையைச் செருமிக்கொண்டான்.

"அப்ப, நான் எறங்கவே முடியாதா ஆசானே?"

"ஏன் முடியாது? எப்ப வேணும்னாலும் எறங்கு. ஒம்மேல இதே அளவு பொறாமை இருக்குற ஒரு ஆளக் கூட்டிட்டு வா, கயிறு புடிக்க."

செங்கோடன் மடத்தில் இருந்த முப்பது பேரையும் ஒவ்வொருவராக மனதில் நிறுத்திப் பார்த்தான். எல்லோரும் அவனிடம் பிரியமாகவே இருந்தார்கள்.