முதலையிடம் போன வேலி வழக்கு

மடுக்கரைக் காட்டில் செங்காயி என்ற கீரியும் கூரப்பன் என்ற முள்ளம்பன்றியும் அடுத்தடுத்த வளையில் குடியிருந்தார்கள். இருவர் இடத்துக்கும் நடுவே ஒரு கள்ளி வேலி. செங்காயியின் வளையில் கண் திறக்காத குட்டிகள் மூன்று.

கூரப்பனுக்கு வெகு நாளாக அந்த வளை மேல் ஒரு கண். ஒருநாள் அவள் இரை தேடப் போன நேரம் பார்த்தான். கள்ளியைப் பிடுங்கி, அவள் வளைக்கு அப்பால் கொண்டுபோய் நட்டுவிட்டான். பிடுங்கிய குழிகளை மூட மட்டும் சோம்பல்!

செங்காயி திரும்பி வந்து பார்த்தாள். அவள் வளை இப்போது அவன் எல்லைக்குள்!

"என்ன அண்ணே இது? வேலிக்குக் கால் முளைச்சிடுச்சா?"

"வேலி எப்பவும் இங்கேதான் இருக்கு. குட்டிகளைத் தூக்கிட்டு இடத்தைக் காலி பண்ணு!"

"நல்லா இருக்கே நியாயம்! வாங்க, யானையார்கிட்ட போவோம்."

அந்தக் காட்டின் வழக்கம் அது. கரைக்கு மேலே உள்ள நிலத் தகராறு யானையாருக்கு. மடுவும், மடுத் தண்ணீர் நிற்கிற இடமும் முதலையாருக்கு. ஒருவர் எல்லையில் மற்றவர் தீர்ப்புச் சொல்லக் கூடாது.

கூரப்பன் சிரித்தான். "நான் முதலையார்கிட்ட வழக்குப் போட்டாச்சு! நாளைக்கு விசாரணை. நீ வராட்டியும் தீர்ப்பு உண்டு!"

மான்கள் எந்தத் துறையில் தண்ணீர் குடிக்க இறங்கும் என்று முதலையாருக்குத் துப்புச் சொல்கிறவனே அவன்தான். அவனுக்கு ஆகாத தீர்ப்பு அங்கே வருமா? செங்காயி குட்டிகளை நக்கிக்கொடுத்தபடி யோசித்தாள். போகாவிட்டால் வளை போகும். போய் அழுதாலும் வளை போகும். கேட்க வேண்டியதைக் கேட்டுவிடுவது என்று முடிவு செய்தாள். நாகத்தின் எதிரே கண்ணிமைக்காமல் நிற்கிறவள் அல்லவா!

மறுநாள் மடுக்கரையில் காடே கூடியிருந்தது.

"கீரியே, நீ என்ன சொல்றே?" என்றார் முதலையார்.

"அதுக்கு முன்னால ஒரு கேள்வி, ஐயா. எங்க இடம் உங்க எல்லையிலயா இருக்கு?"

முதலையார் வாய் திறப்பதற்குள் கூரப்பன் முந்திக்கொண்டான்.

"அதிலென்ன சந்தேகம்! மழைக்கு மழை ரெண்டு பேர் வாசல்லயும் மடுத் தண்ணி வந்து நிக்குதே!"

"நல்லா யோசிச்சுச் சொல்லுங்க அண்ணே. உங்க வாசல்லயுமா?"

"என் வாசல்ல முழங்கால் அளவு!"

"எல்லாரும் கேட்டுக்கிட்டீங்களா?" செங்காயி கூட்டத்தைப் பார்த்தாள். "ஐயா, மடுத் தண்ணி நிக்கிற இடம் மடுவைச் சேர்ந்தது. மடு உங்களோடது. அப்புறம் எங்களுக்குள்ள என்ன தகராறு? ரெண்டு வளையும் உங்க இடம்!"

தன் வளையையும் சேர்த்தே பணயம் வைத்துவிட்டாள். ஆனால் கூரப்பனை அவளுக்கு நன்றாகத் தெரியும்.

முதலையாரின் வாய் அகலத் திறந்தது. "அட, இது தெரியாம இத்தனை நாள் சேத்துல கிடந்தேனே! கூரப்பா, இன்னைக்கே வர்றேன். வெயில் காய உன் வாசல்தான் தோது!"

கூரப்பனின் முட்கள் அத்தனையும் சிலிர்த்துக்கொண்டன. "ஐயையோ, வேண்டாங்க! அது மேட்டு நிலம்! ஒரு சொட்டுத் தண்ணிகூட வந்ததில்லை!"

"அப்படின்னா இது யானையார் விசாரிக்க வேண்டிய வழக்கு," என்றாள் செங்காயி.

கூட்டம் கொல்லென்று சிரித்தது. முதலையாருக்குப் பொறுக்கவில்லை. "என்கிட்டயே பொய் சொல்லி, என் மானத்தையும் வாங்கிட்டியே! இனிமே தண்ணி குடிக்க இந்தப் பக்கம் தலை காட்டினே, முள்ளோட முழுங்கிடுவேன்!"

யானையார் வேலியைப் பார்க்க வந்தார். தீர்ப்புக்கு அதிக நேரம் பிடிக்கவில்லை. கள்ளி பிடுங்கிய குழிகள் வரிசையாக வாய் பிளந்து கிடந்தன.

"எடுத்த இடத்திலேயே நடு. உன் கையாலேயே நடு!" என்றார்.

பொழுது சாயும் வரை கூரப்பன் நட்டான். செங்காயி நிம்மதியாகக் குட்டிகளுக்குப் பால் கொடுத்தாள்.

மடு அவன் வாசலுக்குக் கூப்பிடு தூரம்தான். ஆனால் அன்றிலிருந்து ஒரு வாய்த் தண்ணீருக்குக் கூரப்பன் குன்றைச் சுற்றிக்கொண்டு ஓடைக்குப் போகிறான்.

தீர்ப்புச் சொல்ல உரிமை இல்லாதவரிடம் சலுகை தேடிப் போகிறவன், அடுத்தவர் சொத்தை அடைவதும் இல்லை. தன் கையில் இருப்பதையும் இழந்து நிற்பான்.