மூன்றாவது குரல்

ஸ்பெயின் என்று ஒரே நாடாகச் சேராத காலம் அது. கஸ்டீலுக்கு ஓர் அரசர், அரகோனுக்கு ஓர் அரசர், நவாருக்கு ஓர் அரசர் என்று ஆளுக்கொரு கோட்டை கட்டி உட்கார்ந்திருந்தார்கள். அவர்களுக்கு நடுவே, மலை மடிப்பில், எஸ்தார்பே என்றொரு சின்னஞ்சிறு அரசு இருந்ததாம். மொத்தமே ஆறு பள்ளத்தாக்குகள். பெரிய அரசர்கள் வரைபடத்தை விரித்துக் கையூன்றினால் உள்ளங்கைக்கு அடியில் மறைந்துபோகும்.

எஸ்தார்பேயில் கிரீடம் சூட்டும் பழக்கம் இல்லை. அங்கே அரசனைத் தூக்குவார்கள்.

தோல் போர்த்திய பெரிய மரக் கேடயம் ஒன்று. அரசனாகப் போகிறவன் அதன்மேல் ஏறி நிற்பான். பள்ளத்தாக்குக்கு ஒருவராக ஆறு பேர் அதைத் தோளுக்கு உயர்த்துவார்கள். கூட்டம் அவன் பெயரை மூன்று முறை கூவும். மூன்றாவது குரல் எழும்வரை விழாமல் நின்றால் அவன் அரசன். விழுந்தால் அடுத்த உரிமைக்காரன் ஏறுவான்.

பழைய அரசர் போய்ச் சேர்ந்ததும் உரிமை அவர் மகன் கலிந்தோவுக்கு வந்தது. அவனுக்கு ஐம்பது வயது. சின்ன வயதில் குதிரை தள்ளிவிட்டதில் வலது கால் உடைந்து கோணலாகவே கூடிவிட்டது. சமதரையில் நடந்தாலே படகுபோல ஆடுவான்.

அடுத்த உரிமைக்காரன் சித்தப்பா மகன் பெலாஸ்கோ. அழகன். கயிற்றின்மேல் விட்டாலும் நடப்பான். தான் அரசனானால் மலைமேல் இருக்கும் மேய்ச்சல் நிலங்களைத் தெற்கத்திப் பெரிய அரசரிடம் ஒப்படைத்துவிட்டு, அங்கே அரண்மனையில் ஒரு பதவியோடு போய்க் குடியேறுவதாகப் பேசி முடித்திருந்தான். இது ஊருக்கே தெரியும். அவனும் மறைக்கவில்லை.

"அண்ணா," என்றான் ஒருநாள், "கேடயத்தின்மேல் ஒரு நாற்காலி போடச் சொல்லட்டுமா?"

"வேண்டாம், தம்பி. நின்றுகொள்கிறேன்."

"நிற்பதற்கு முன்னால் நடந்து பழகலாமே."

கலிந்தோ அன்றே பழகத் தொடங்கினான். அரண்மனைக் காவலர்களில் ஒரே உயரமாக ஆறு பேரைப் பொறுக்கி எடுத்தான். அவன் அப்பா அப்படித்தான் பழகினார். தாத்தாவும் அப்படித்தான். தூக்கினார்கள், விழுந்தான். மறுபடி ஏறினான். முழங்கை பிய்ந்தது, முன்பல் ஒன்று போயிற்று. துணியைச் சுற்றிக்கொண்டு மறுபடி ஏறினான். பனி உருகி ஓடைகள் நிறைந்த சமயத்தில், கேடயத்தின்மேல் நின்றபடியே ஓர் ஆப்பிளைக் கடித்துத் தின்று முடிக்கும் அளவுக்குக் கால் நின்றது.

ஆனால் மனம் நிற்கவில்லை. குன்றின்மேல் இருந்த மடத்துக்குப் போனான்.

அந்த மடத்தின் தலைவி நூன்யா. கலிந்தோவைவிட வயதில் சிறியவர். இருந்தாலும் அவன் அவரைத் 'தாயே' என்றுதான் கூப்பிடுவான். எஸ்தார்பேயில் எந்த வழக்கும் தீராமல் போனால் கடைசியாக அவர் வாசலில்தான் வந்து நிற்கும். அவர் அப்போது வாசற்படியில் உட்கார்ந்து அக்ரூட் கொட்டைகளை உடைத்துக்கொண்டிருந்தார்.

"விழாமல் நிற்பது எப்படி, தாயே?"

"நிற்கிறாய் என்று கேள்விப்பட்டேனே."

"அரண்மனையில் நிற்கிறேன். அன்றைக்கு நிற்பேனா?"

"அரண்மனையில் யார் தூக்குகிறார்கள்?"

"காவலர்கள். ஆறு பேரும் ஒரே உயரம். தேடிப் பிடித்தேன்."

"பள்ளத்தாக்குகளிலும் அப்படித்தான் அளவெடுத்துப் பெற்றுப் போடுகிறார்களா?"



அன்று சந்தை நாள். நூன்யா தாயார் மடத்தின் சமையலறைக் கதவைக் கழற்றச் சொன்னார். சந்தைக்கு வந்தவர்களில் கையில் அகப்பட்டவர்களைக் கூப்பிட்டார். பனைமரம் மாதிரி ஓர் இடையன் வந்தான். தொந்தியும் தானுமாக ஒரு ரொட்டிக்காரர் வந்தார். வண்டியோட்டிகள் இரண்டு பேர் வந்தார்கள். ஐந்தாவதாக உப்புப் பள்ளத்தாக்கின் சிமெனோ வந்தார். குட்டைக் கிழவர்.

கலிந்தோ கதவின்மேல் ஏறப் போனான்.

"நீ எங்கே போகிறாய்?" என்றார் தாயார். "ஆறாவது ஆள் நீதான்." அக்ரூட் கூடையோடு அவரே ஏறி நின்றார். "தூக்கு."

"தாயே, நான் நிற்கக் கற்றுக்கொள்ள வந்தேன்."

"தெரியும். தூக்கு."

தூக்கினார்கள். அடியில் இருட்டும் எண்ணெய்ப் பிசுக்கு வாடையுமாக இருந்தது. பலகை விளிம்பு தோளைக் கடித்தது. மேலே ஓடு உடைபடும் சத்தம். ஓட்டுத் துண்டுகள் கலிந்தோவின் தலையில் விழுந்தன.

"ஆடுகிறதே," என்று மேலிருந்து குரல் வந்தது. "எனக்குக் கால் இரண்டும் நன்றாகத்தானே இருக்கிறது?"

"நாங்கள் ஒரே உயரம் இல்லை, தாயே. சரிவு சிமெனோ பக்கம். கனமெல்லாம் அவர்மேல் இறங்குகிறது."

"அது உனக்கு எப்படித் தெரியும்?"

"எதிரில்தானே நிற்கிறார். முகம் தெரிகிறது."

"இங்கிருந்து எனக்குத் தெரியவில்லையே."

"இறக்கிவிடட்டுமா?"

"பருப்பு இன்னும் தீரவில்லை."

இடையன் சிரித்துவிட்டான். கதவு குலுங்கியது. சிமெனோ பல்லைக் கடித்தபடி, "சிரிக்காதே, நெட்டைப் பயலே! நீ சிரித்தால் என் இடுப்பு போகிறது," என்றார்.

ஒவ்வொரு சந்தை நாளும் கலிந்தோ வந்தான். ஒவ்வொரு சந்தை நாளும் கதவுக்கு அடியில்தான் நின்றான். ஒரு கட்டத்தில் கண்ணை மூடிக்கொண்டே யார் தளர்கிறார்கள் என்று சொல்ல முடிந்தது. தளர்ந்தவர் பெயர் பெரும்பாலும் சிமெனோவாகவே இருந்தது.

"அன்றைக்கு உப்புப் பள்ளத்தாக்கிலிருந்து வேறு ஆள் வரட்டுமே, பெரியவரே," என்றான்.

"யார் வருவது என்பது எங்கள் பள்ளத்தாக்கின் பேச்சு, ஐயா. அதில் அரசரே தலையிடக் கூடாது." கிழவர் தோளைத் தேய்த்துக்கொண்டார். "உங்கள் அப்பாவைத் தூக்கினவன் நான். உங்களையும் தூக்கிவிட்டுத்தான் கட்டையில் போவேன்."

"முடியாமல் போனால்?"

"தோளை எடுத்த பள்ளத்தாக்குக்கு அடுத்த தலைமுறை வரைக்கும் கேடயத்தில் இடம் கிடையாது. எடுப்பேனா?"

கலிந்தோ தாயாரிடம் திரும்பினான். "ஒரு தடவையாவது என்னை மேலே ஏற விடுங்கள்."

"தோள் இன்னும் பழகவில்லை."

"நான் காலைப் பற்றிக் கேட்டேன், தாயே."

தாயார் அவன் கையில் ஒரு பருப்பை வைத்தார். "சாப்பிடு."

அந்த நாள் வந்தது. ஆறு பள்ளத்தாக்கும் புல்வெளியில் திரண்டிருந்தன. இடையர் பள்ளத்தாக்கு அந்த நெட்டை இடையனையே அனுப்பியிருந்தது. உப்புப் பள்ளத்தாக்கு சிமெனோவை அனுப்பியிருந்தது. மற்ற நால்வரும் ஆளுக்கொரு உயரம்.

கலிந்தோ ஏறினான். கேடயம் எழுந்தது. ஒரு பக்கம் சாய்ந்தது, ஆடியது, நின்றது.

"கலிந்தோ!" என்று கூட்டம் கூவியது.

எஸ்தார்பேயின் அரசர்கள் கேடயத்தின்மேல் வானத்தைப் பார்த்தபடி நிற்பார்கள். அதுதான் அழகு. கலிந்தோவும் வானத்தைப் பார்த்தான்.

"கலிந்தோ!"

கூட்டம் மூச்சு இழுத்தது. அந்த நேரத்தில் அவன் கோணல் காலுக்கு அடியில் கேடயம் தாழ்ந்தது. கண்ணால் பார்க்காமலே அவனுக்கு ஆள் யார் என்று தெரிந்தது. குனிந்து பார்த்தான். விளிம்பைப் பிடித்திருந்த சிமெனோவின் விரல்கள் சுண்ணாம்பாய் வெளுத்திருந்தன. கிழவர் தாழ்ந்துகொண்டே போனார். தோளை மட்டும் அவர் எடுக்கவில்லை.

சரிவில் நிற்க வேண்டுமானால் கோணல் காலை அழுத்தி ஊன்ற வேண்டும். ஊன்றினால் கனம் எங்கே இறங்கும் என்பது கலிந்தோவுக்குத் தெரியும். ஒரே ஒரு மூச்சு நேரம் ஊன்றினால் போதும், அவன் அரசன்.

அவன் உட்கார்ந்தான். விளிம்பைப் பிடித்துக்கொண்டு குதித்தான். கோணல் கால் மடங்கியது. தவழ்ந்து எழுந்து, கேடயத்துக்கு அடியில் நுழைந்து, சிமெனோவின் தோளுக்குப் பக்கத்தில் தன் தோளைக் கொடுத்தான்.

கேடயம் நிமிர்ந்தது. அதன்மேல் யாரும் இல்லை.

மூன்றாவது குரல் எழவில்லை. பெலாஸ்கோ மட்டும் கை தட்டினான். "விழுந்துவிட்டான்!"

"விழவில்லை. குதித்தார்," என்றாள் ஒரு பெண்.

"எப்படியோ தரைக்கு வந்துவிட்டான். கேடயத்தை இறக்குங்கள். இனி என் முறை."

ஆறு பேரும் அசையவில்லை. "மூன்று குரலும் முடியாமல் கேடயத்தை இறக்கும் வழக்கம் இல்லை," என்றான் இடையன்.

கேடயத்துக்கு அடியிலிருந்து, மிச்சமிருந்த மூச்சையெல்லாம் சேர்த்து, சிமெனோ கூவினார். "கலிந்தோ!"

புல்வெளி அதை வாங்கிக்கொண்டது. மலை அதைத் திருப்பித் தந்தது.

பிறகு சண்டை மூண்டது. அரசன்தான் என்றது ஒரு பாதி. கேடயம் காலியாக இருந்தபோது எழுந்த குரல் செல்லாது என்றது மறுபாதி. வாய்ச்சண்டை கைகலப்பாகும் நேரத்தில், கேடயத்தைத் தூக்கிக்கொண்டு எல்லோரும் மடத்துக்கு ஏறினார்கள்.

தாயார் வாசற்படியில் இருந்தார். பெலாஸ்கோ முந்திக்கொண்டான்.

"மூன்றாவது குரலின்போது கேடயத்தில் யாருமே இல்லை, தாயே. இது எந்த ஊர் நியாயம்?"

"நீ சொல்வது சரி. யாருமே இல்லை," என்றார் தாயார். "ஏறி நில், பெலாஸ்கோ."

கேடயத்தைத் தரையில் வைத்தார்கள். பெலாஸ்கோ ஏறினான். உண்மையில் அழகாகத்தான் நின்றான். தலையை நிமிர்த்தி வானத்தைப் பார்த்தான்.

"ம். தூக்குங்கள்," என்றான்.

யாரும் குனியவில்லை. இடையன் தூரத்தில் மேய்ந்த ஆட்டைப் பார்த்தான். மற்றவர்கள் கைகளைக் கட்டிக்கொண்டார்கள்.

"தூக்குங்கள் என்கிறேன்!"

"எனக்குத் தோள் வலிக்கிறது, தம்பி," என்றார் சிமெனோ.

காற்று அடித்தது. பெலாஸ்கோ இன்னும் கொஞ்ச நேரம் நின்று பார்த்தான். பிறகு கேடயத்திலிருந்து காலை எடுத்துத் தரையில் வைத்தான். குதிரை கட்டியிருந்த பக்கம் நடந்தான். திரும்பிப் பார்க்கவில்லை.

கலிந்தோ முன்னால் வந்தான். மடங்கிய கால் வீங்கியிருந்தது. கேடயத்தின் விளிம்பில் கை ஊன்றி, ஏறுவதற்குக் காலைத் தூக்கினான்.

"எதற்கு ஏறுகிறாய்?" என்றார் தாயார்.

"வழக்கம் வழக்கம்தானே, தாயே. முதலிலிருந்து தூக்கட்டும். விழுந்தால் விழுகிறேன், எழுந்து மறுபடி ஏறுகிறேன். மூன்று குரலும் மேலே நின்று கேட்காமல் இந்த இடத்தை விட்டு நகர மாட்டேன்."

"ஏற்கெனவே தூக்கினார்களே."

"தூக்கினார்கள். நான்தான் நடுவில் இறங்கிவிட்டேன்."

தாயார் அவன் தோளில் பதிந்திருந்த விளிம்பின் தடத்தைப் பார்த்தார்.

"அடியில் நின்று தாங்கினாயே. இறங்கியது எப்போது, அரசே?" என்று கேட்டார்.