தூக்கணாங்குருவிகள் ஓயாமல் கத்துவது எதற்காக

அந்தக் காலத்தில் காங்கோ ஆற்றங்கரையில் குருவிகளும் மனிதர்களைப் போலத் தெளிவாகப் பேசின. வெள்ளைக்காரர்கள் படகில் வந்திறங்கி, ரப்பர் பால் எடுக்கவும் மூட்டை சுமக்கவும் ஆண்களைப் பிடித்துக்கொண்டு போன காலமும் அதுதான். போனவர்களில் ஒருவர்கூடத் திரும்பியதில்லை.

அங்கே வீடென்றால் சுவரும் கூரையும் பனையோலைதான். கதவு கிடையாது. வருகிறவர் வெளியே நின்று, "வீட்டுல யாரு?" என்று கேட்பார். பதில் சொல்லாமல் இருப்பது அந்த ஊரில் பெரிய அவமானம். வீட்டார் இல்லாத நேரத்தில் கூரை விளிம்பில் குடியிருந்த தூக்கணாங்குருவி பதில் சொல்லும். "அண்ணன் மீன் பிடிக்கப் போயிருக்காரு. உட்காருங்க, பானையில தண்ணி இருக்கு." அதற்கு அந்த வேலையில் கொஞ்சம் தலைக்கனம்கூட உண்டு.

ஒரு நாள் காலை, வெள்ளைக்காரர்களின் சிப்பாய்கள் வருகிறார்கள் என்று ஊரே அலறியது. போலும்பு என்ற பெண் தன் கணவன் இலோங்காவை, அடுப்புக்கு மேலே மீன் உலர்த்தும் பரணில் ஏற்றி, ஓலைப்பாயால் மூடினாள். பிறகு கீழே உட்கார்ந்து கிழங்கு உரித்தாள்.

முதலில் வந்த சிப்பாய் பக்கத்து ஊர்க்காரன், வழக்கம் தெரிந்தவன். துப்பாக்கியை முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டு, விருந்தாளி மாதிரி கேட்டான்: "வீட்டுல யாரு?"

போலும்புவுக்குப் பயத்தில் நா எழவில்லை. அவன் மறுபடியும் கேட்டான். குருவிக்குப் பொறுக்கவில்லை. வீட்டு மானம் போகிறதே! முந்திரிக்கொட்டை மாதிரி முந்திக்கொண்டது.

"அக்கா அடுப்படியில, அண்ணன் பரண்ல. உட்காருங்க, பானையில தண்ணி இருக்கு!"

மற்ற சிப்பாய்களும் ஓடிவந்து இலோங்காவை இழுத்துப் போட்டுக் கழுத்தில் கயிறு கட்டினார்கள். போலும்பு குருவியை அடிக்கக் கல்லை எடுத்தாள்.

"விட்டுடு. நாம பழக்குனதைத்தானே சொல்லுச்சு," என்றான் இலோங்கா. அவள் கேட்ட அவனுடைய கடைசிப் பேச்சு அதுதான்.

குருவி அழுதது. குருவி அழுது யாருக்கு என்ன பயன்? மறுநாள் அது காட்டிலிருந்த தன் சொந்தங்களையெல்லாம் கூட்டிவந்தது. அடுத்தமுறை சிப்பாய்கள் எந்த வீட்டின் முன் நின்று கேட்டாலும், குருவிகள் அத்தனையும் ஒரேயடியாகக் கத்தின. கேள்வியும் காதில் விழவில்லை, பதிலும் விழவில்லை. அந்த இரைச்சலில் ஆண்கள் பின்பக்க ஓலையைப் பிரித்துக்கொண்டு காட்டுக்குள் ஓடினார்கள்.

அன்று முதல்தான் தூக்கணாங்குருவிகள் வீட்டோரத்துப் பனைகளில் கூட்டமாகக் கூடு கட்டி, ஒரு சொல்லும் விளங்காதபடி கத்திக்கொண்டே இருக்கின்றன. போலும்புவின் வாசலிலும் கத்தின. அங்கே காப்பாற்றத்தான் ஆள் இல்லை.