பாம்பு கொடுத்த சான்றிதழ்

எட்டியப்பனின் மகளுக்கு நர்சிங் படிப்பில் இடம் கிடைத்துவிட்டது. இருளர் என்ற சாதிச் சான்றிதழ்தான் பாக்கி. மூன்று தடவை விண்ணப்பித்தார். மூன்று தடவையும் கோட்டாட்சியர் தள்ளிவிட்டார். எட்டியப்பன் கோர்ட்டுக்குப் போனார். கோர்ட்டோ, நேரில் விசாரிக்கச் சொல்லி அதே கோட்டாட்சியரிடமே திருப்பி அனுப்பியது.

கோட்டாட்சியர் அவரை ஏற இறங்கப் பார்த்தார். “பேன்ட் போட்டிருக்கே, செல்போன் வச்சிருக்கே. நீ இருளனா?”

“கடையில யாரும் சாதி கேக்கலீங்க ஐயா. வித்துட்டாங்க.”

“வாய் நீளுதே! இருளன்னா பாம்பு பிடிப்பான். திங்கட்கிழமை ஒரு நல்லபாம்பைப் பிடிச்சுட்டு வா, கையெழுத்துப் போடுறேன்.”

“போன வருசமே பிடிச்சுட்டேனுங்க.” எட்டியப்பன் நாலாய் மடித்த தாள் ஒன்றை மேசைமேல் விரித்தார். பள்ளிக்கூடத்துக்குள் புகுந்த பாம்பைப் பிடித்ததற்காக வனத்துறை அவர்மேல் போட்ட வழக்கு அது. முதல் வரியிலேயே ‘எட்டியப்பன், சாதி இருளர்’ என்று இருந்தது.

“இதை எழுதறப்போ சான்றிதழ் எங்கேன்னு யாரும் கேக்கலீங்க. மூஞ்சியைப் பார்த்தே எழுதிட்டாங்க.”

“தப்பா எழுதியிருப்பாங்க.”

“அப்போ சர்க்கார் தாளு பொய்யின்னு எழுதிக் கொடுங்க, கேசை உடைச்சுக்கறேன். நெசம்னா மகளுக்கு எழுதிக் கொடுங்க. எதைக் கொடுத்தாலும் வாங்கிக்கறேன்.”

கோட்டாட்சியர் ஒரு டம்ளர் தண்ணீரைக் குடித்துவிட்டு, சான்றிதழில் கையெழுத்துப் போட்டார்.

வாசல்வரை போன எட்டியப்பன் திரும்பினார். “ஐயா, திங்கட்கிழமை பாம்பு வேணுங்களா? வேணும்னா, பிடிக்கச் சொன்னது நீங்கதான்னு ஒரு வரி எழுதிக் கொடுத்துடுங்க. இந்தத் தடவை கேசுல முதல் பேரு உங்களோடதா இருக்கட்டும்.”